உன் கல்யாணத்துக்கு முன்னால் நான் போட்டுக் காட்டிய படம்

தம்பி,

ஞாயிற்றுக்கிழமை நீ கோயம்புத்தூரிலிருந்து போனில் கேட்டதற்கு நான் "பாக்கலாம்யா" என்று மட்டும் சொன்னேன். நீ அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டு போனை வைத்துவிட்டாய். அது சம்மதம் இல்லை. வாயில் வராத பதிலை எழுதிப் பார்ப்பது பள்ளிக்கூட நாளிலிருந்தே எனக்குப் பழக்கம். எழுந்து நின்று பேசச் சொன்னால் கால் நடுங்கும் பிள்ளை நான். விடை தெரிந்தாலும் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருப்பேன். இன்று காலையில் உன் அப்பா பஸ் டூட்டிக்குப் போன பிறகு எழுத உட்கார்ந்தேன். கொஞ்சம் நீளும். மில்லில் சாப்பாட்டு நேரத்தில் பிரிக்காதே, அறைக்குப் போய் நிதானமாகப் படி.

நீ கேட்டது பார்வைக்குச் சின்ன விஷயம்தான். துணி வெளுக்கும் பிளீச்சிங் பட்டறைகளின் கழிவுத் தண்ணீரைப் பற்றி நான் தயாரித்திருக்கும் படத்தில் ஒரு குழாய் வருகிறது. ஓடைக்கரையில் ஒரு சிமென்ட் சுவரிலிருந்து நீட்டிக்கொண்டு, நுரையும் மஞ்சளுமாகக் கொட்டுகிற குழாய். படம் பிடித்தபோது அது யாருடையது என்று எனக்குத் தெரியாது, கேட்கவும் இல்லை. சுவருக்கு அந்தப் பக்கம் நாங்கள் போனதே இல்லை. உனக்கும் கலாவுக்கும் நிச்சயம் ஆன பிறகு, அவள் அப்பா தன் பட்டறையைச் சுற்றிக் காட்டுவதற்காக எங்களை ராஜபாளையத்துக்குக் கூப்பிட்டாரே, அன்றைக்குத்தான் தெரிந்தது. வெள்ளை வெளேரென்று காய்கிற பேண்டேஜ் துணியை எல்லாம் காட்டிவிட்டு, "பின்னால ஒண்ணுமில்ல தங்கச்சி, ஓடைதான்" என்றார். நான் எட்டிப் பார்த்தேன். அதே சுவர், அதே குழாய். அந்தப் படத்தைப் பங்குனிப் பொங்கல் திருவிழாவில் ஓடைக்கரைக் கீழத்தெருவில் போடுவதாக அந்த மக்களிடம் ஏற்கெனவே சொல்லியிருக்கிறேன். உன் கல்யாணம் வைகாசியில். குழாய் படத்தில் வந்தால் கல்யாணம் நின்றுபோகும் என்று நீ பயப்படுகிறாய். எனக்கும் அந்தப் பயம் இருக்கிறது.

"அந்த ஒரு ஷாட்ட மட்டும் எடுத்துரும்மா" என்று நீ சொன்னதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். பிறகு நீ சொன்னதற்குத்தான் எனக்குப் பதில் வரவில்லை. "பேச்சியம்மாவுக்குச் செஞ்சேல்ல? அவ மகளுக்கு மாப்பிள்ளை பாக்குறாகன்னு அவ மூஞ்சியவே படத்துல இல்லாம ஆக்குனேல்ல? பெத்த மகனுக்குச் செய்ய மாட்டியா?" இது வெறும் கோபத்தில் கேட்ட கேள்வி இல்லை. நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால் நான் இந்த வேலைக்கு வந்த வழியைச் சொல்ல வேண்டும். உனக்குப் பாதி தெரியும். மீதியைச் சொல்கிறேன்.

நீ இரண்டாம் வகுப்பில் படிக்கும்போது நான் அந்தச் சுகாதார சங்கத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். சுருட்டிய படத்தாள்களைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வத்திராயிருப்பு, புதுப்பட்டி, ராஜபாளையத்தைச் சுற்றியுள்ள ஊர்கள் என்று பஸ் பஸ்ஸாக ஏறி இறங்குவேன். வயிற்றுப்போக்குக்கு உப்பு சர்க்கரைக் கரைசல், குழந்தைக்குத் தடுப்பூசி, தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடிப்பது. நீ என் பேச்சை மனப்பாடம் பண்ணி, விறகுக் குச்சியால் சுவரைத் தட்டித் தட்டிப் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்கு நடித்துக் காட்டுவாய். "தாய்மார்களே, ஈ எங்கே உட்காருகிறது?" என்று நீ கேட்டதும் எல்லாப் பிள்ளைகளும் உன் அப்பாவின் வழுக்கையைக் கைகாட்டிச் சிரிக்கும். எனக்கு அந்த வேலை பிடித்திருந்தது. நான் சொல்வதை ஜனங்கள் தலையாட்டிக் கேட்பது ஒரு சுகம். மேடையைக் கண்டால் நடுங்கியவளுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று உனக்குப் புரியாது.

கீழத்தெருவில்தான் அந்தச் சுகம் முடிந்தது. பட்டறைகளில் வேலை செய்யும் பெண்கள் குடியிருக்கும் தெரு அது. ஓடைக்கரையில் ஒரு கிணறு, அதுதான் எல்லாருக்கும் தண்ணீர். வழக்கம்போல் படத்தாளை விரித்து, கொதிக்கவைத்தால் கிருமி செத்துவிடும் என்று சொல்லிக்கொண்டிருந்தேன். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த பேச்சியம்மாள் கையைத் தூக்கினாள். அப்போது அவளுக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். நான் நர்ஸ் இல்லை என்று எத்தனை முறை சொன்னாலும் அந்தத் தெருவில் நான் நர்சம்மாதான்.

"நர்சம்மா, கொதிக்க வச்சா கிருமி செத்துரும், சரி. உப்பு சாகுமா?"

எல்லாரும் சிரித்தார்கள். பின்னாலிருந்து ஒருத்தி, "பால ஊத்துனா திரிஞ்சு போகுது. பருப்பு வேகவே மாட்டேங்குது. எம் மாமியா என்னமோ எனக்குச் சமைக்கத் தெரியலன்னு ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியுது" என்றாள். "உனக்குத் தெரியாதுதான ஏட்டி, தண்ணி மேல ஏன் பழியப் போடுத?" என்றாள் இன்னொருத்தி. சிரிப்பு அடங்கியதும் பேச்சியம்மாள் தன் கைகளை விரித்துக் காட்டினாள். பிளீச்சிங் பவுடர் கரைத்த தொட்டிக்குள் நாளெல்லாம் துணியை அமுக்கி எடுக்கிற கைகள். விரல் நுனியெல்லாம் வெளுத்துத் தோல் உரிந்து, இடுக்குகளில் சிவப்பாக வெடித்திருந்தது. "இதுக்கு உங்க தாள்ல என்ன போட்டிருக்கு?" என்று கேட்டாள். அவள் கேலி பண்ணவில்லை. உண்மையாகவே அடுத்த தாளில் ஏதாவது இருக்கும் என்று எதிர்பார்த்தாள்.

என் தாளில் ஒன்றும் இல்லை. அன்றைக்குப் பஸ்ஸில் திரும்பி வரும்போதுதான் எனக்கு உறைத்தது, இத்தனை நாளும் நான் சொன்னதெல்லாம் அந்தப் பெண்கள் இன்னும் என்னென்ன வேலை செய்ய வேண்டும் என்பதுதான். கொதிக்க வை, வடிகட்டு, கையைக் கழுவு. தண்ணீரைக் கெடுத்தவருக்குச் சொல்ல என்னிடம் ஒரு வார்த்தையும் இல்லை. அதற்குப் பிறகு மனு எழுதினோம். தெருவே கைநாட்டு வைத்தது. பல மாதம் கழித்து ஒரு அதிகாரி ஜீப்பில் வந்தார். அவர் வந்த அன்றைக்கு எந்தக் குழாயிலும் ஒரு சொட்டு இல்லை. ஓடை கூட்டிப் பெருக்கிவிட்ட மாதிரி இருந்தது. "எங்கம்மா தண்ணி?" என்று பொறுமையாகத்தான் கேட்டார். பேச்சியம்மாள், "நீங்க வருதியன்னு கொழாய்க்கு யாரோ சொல்லிட்டாக சார்" என்றாள். அவள் கையை எட்ட இருந்தபடியே பார்த்துவிட்டு, சோப்பு ஒத்துக்கொள்ளாமல் இருக்கும் என்று சொல்லிப் போய்விட்டார். ஜீப் சாலை திரும்பிய கொஞ்ச நேரத்தில் குழாயில் தண்ணீர் வந்தது.

வீடியோ யோசனை எனக்கு ஒரு கல்யாண வீட்டில் வந்தது. உன் அப்பாவின் சித்தப்பா மகள் கல்யாணம் முடிந்த பிறகு, பந்திக்குத் தன்னைக் கூப்பிடவே இல்லை என்று தாய்மாமன் ஒருவர் பெரிய ரகளை பண்ணினார். யாரும் சமாதானம் செய்ய முடியவில்லை. கடைசியில் கேசட்டைப் போட்டுப் பார்த்தார்கள். மணமகளின் அப்பா அவர் கையைப் பிடித்து இழுப்பதும், அவர் உதறுவதும், பிறகு அவரே போய் உட்கார்ந்து இரண்டாம் தடவை பாயசம் வாங்குவதும் வரிசையாக வந்தது. மாமன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்கு மட்டும் அந்த வறண்ட ஓடை ஞாபகத்துக்கு வந்தது.

ஸ்ரீவில்லிபுத்தூரில் தேரடிப் பக்கம் வீடியோ கடை வைத்திருந்த காதர் பாயைப் போய்ப் பார்த்தேன். "கல்யாணமாக்கா, காதுகுத்தாக்கா?" என்றார். "ஓடை" என்றேன். முகூர்த்தம் இல்லாத நாளாகப் பார்த்து வருவதாக ஒத்துக்கொண்டார். அந்த முதல் நாள் படப்பிடிப்பை நீ மறந்திருக்க மாட்டாய், எத்தனை முறை சொல்லிச் சிரித்திருக்கிறோம். வீடியோ வருகிறது என்று நான் முன்கூட்டியே தெருவில் சொல்லிவிட்டேன். அதுதான் நான் செய்த தப்பு. அந்த ஊரில் அதுவரை வீடியோ என்றால் கல்யாணம் மட்டும்தான். நாங்கள் போய் இறங்கும்போது தெரு முழுக்கச் சாணி தெளித்துக் கோலம் போட்டிருந்தது. பெண்கள் பட்டுப்புடவை கட்டி, முகத்தில் பவுடர் அப்பி, கனகாம்பரம் வைத்து வரிசையாக நின்றார்கள். இரவல் வளையல் முழங்கை வரை. புண்ணான கையை எல்லாரும் முந்தானைக்குள் சுருட்டி வைத்திருந்தார்கள். கிணற்றுக்கு மாலை போட்டிருந்தார்கள். காதர் பாய்க்கும் பழக்கதோஷம். விளக்கைப் போட்டதும், "கொஞ்சம் சிரிங்க, இந்தப் பக்கம் பாருங்க, பிள்ளைகளா மறைக்காதிய" என்று ஆரம்பித்துவிட்டார். எல்லாரும் நன்றாகவே சிரித்தார்கள். இருமுகிறவர்கள்கூட மூச்சைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். கேசட் கைக்கு வந்தபோது, தலைப்புக்கு முன்னால் ரோஜாப்பூ விரிந்தது. ஓடைக்கு நாதஸ்வரம் வாசித்தது. பேச்சியம்மாள் முகம் ஒரு இதய வடிவத்துக்குள் வந்து போனது.

அந்தக் கேசட்டைப் பார்த்துவிட்டுச் சங்கத்தில் எல்லாரும் சிரித்தார்கள், தலைவரைத் தவிர. "நம்ம வேலை சுகாதாரம்மா, சினிமா இல்ல" என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. ஆனால் எனக்கு அந்தப் படம் வேறு ஒன்றைச் சொல்லிக்கொடுத்தது. அந்தப் பெண்கள் தங்களை எப்படிக் காட்ட விரும்பினார்களோ அப்படி வந்து நின்றார்கள்; அது பொய் இல்லை. நான்தான் அவர்களிடம் எதற்காக வருகிறேன் என்று சரியாகச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு கேமரா இல்லாமல் எத்தனையோ முறை போனேன். என்ன எடுக்கப் போகிறோம், யார் பார்ப்பார்கள், பார்த்தால் என்ன ஆகலாம் என்று ஒவ்வொரு வீட்டிலும் உட்கார்ந்து பேசினேன். பிடிக்காதவர்களை விட்டுவிட்டேன். அந்தச் சமயத்தில்தான் சங்க வேலையும் போனது. தலைவர் என்னை விலகச் சொல்லவில்லை, நானே நின்றுகொண்டேன். கல்யாண சீசன் இல்லாத நாட்களில் காதர் பாயின் கடையில் உட்கார்ந்து இரண்டு வீடியோ டெக்குகளை வைத்து, ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் பதிந்து, படத்தை வெட்டி ஒட்டப் பழகினேன். பதிலுக்கு முகூர்த்த நாட்களில் அவருக்காகப் பெண்கள் பக்கம் நின்று கேமரா பிடித்தேன். உன் அப்பாவுக்கு இதில் ஒரே வருத்தம்தான். "தயாரிப்பாளர்னா காருல வந்து எறங்குவாகன்னு கேள்விப்பட்டிருக்கேன். எம் பொண்டாட்டி எம் பஸ்லயே நின்னுக்கிட்டு வாரா" என்று டிப்போ முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

இப்போது பேச்சியம்மாளுக்கு வருகிறேன். அவள் தொட்டியில் இறங்கி நின்று பேசியதுதான் அந்த முதல் உண்மையான படத்தின் உயிர். பதிந்து முடித்து, அவளுக்குப் போட்டுக் காட்டினேன். படத்தில் வருகிறவர்கள்தான் அதை முதலில் பார்க்க வேண்டும் என்று நான் வைத்துக்கொண்ட வழக்கம் அவளிடம்தான் ஆரம்பித்தது. பார்த்து முடித்துவிட்டு அவள் சொன்னாள்: "நல்லாருக்கு நர்சம்மா. ஆனா எம் மகளுக்கு மாப்பிள்ளை பாக்குதோம். ஆத்தா கை இப்படி இருந்தா மக கை எப்படி இருக்கும்னு கேப்பான். மொகம் வேண்டாம். கையி இருக்கட்டும், கைய எடுத்துராதிய." அதனால்தான் அந்தப் படத்தில் கை மட்டும் பேசுகிறது. முகம் போனது, ஆனால் தொட்டி இருந்தது, புண் இருந்தது, அவள் குரல் இருந்தது. படம் சொல்ல வந்ததில் ஒரு சொட்டும் குறையவில்லை. இதை அவளேதான் வகுத்துக் கொடுத்தாள். நான் கத்தரியைப் பிடித்தேன், அவ்வளவுதான்.

நீ சொன்ன ஷாட்டையும் படத்திலிருந்து எடுத்துப் பார்த்தேன், தம்பி. இதை உன்னிடம் மறைக்க வேண்டாம். நீ பேசிய மறுநாள் காதர் பாய் கடைக்குப் போனேன். டேப்பில் நடுவே ஒன்றை எடுத்தால் அதற்குப் பின்னால் இருப்பதை எல்லாம் திரும்பப் பதிய வேண்டும். பொறுமையாகப் பதிந்தேன். குழாய் இல்லாத படம் நன்றாகவே ஓடியது. கிணறு வருகிறது, திரிந்த பால் வருகிறது, கைகள் வருகின்றன, பிள்ளைகளின் சொறி வருகிறது. எங்கேயும் தடுக்கவில்லை. ஆனால் இதெல்லாம் எங்கிருந்து வந்தது என்பது மட்டும் இல்லை. வெயில் மாதிரி, பஞ்சம் மாதிரி, யாரும் செய்யாமல் தானாக வந்த கஷ்டமாக ஆகிவிட்டது. பாய் பின்னால் நின்று பார்த்துவிட்டு, "ஒண்ணும் தெரியலக்கா, சுத்தமா இருக்கு" என்றார். அவர் ஆறுதலாகத்தான் சொன்னார். எனக்கு அந்த அதிகாரி பார்த்த வறண்ட ஓடைதான் கண்ணில் நின்றது. அன்றைக்குக் குழாயை மூடியவர் யாரோ. இன்றைக்கு மூடியது நான்.

அதனால் ஷாட்டைத் திரும்பச் சேர்த்தேன். ஆனால் சேர்த்த பிறகும் நீ கேட்ட கேள்வி போகவில்லை. பேச்சியம்மாளுக்கு முதலில் காட்டினேன், அவள் சொன்னதைக் கேட்டேன். குழாய்க்காரருக்குக் காட்டினேனா? இத்தனை வருஷத்தில் ஒரு பட்டறை முதலாளிக்கும் நான் படத்தை முன்னால் போட்டுக் காட்டியதில்லை. அவர்கள் என்ன சொல்வார்கள் என்று எனக்கு ஏற்கெனவே தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். அந்தச் சுவருக்குப் பின்னால் ஒரு மனுஷன் இருக்கிறான் என்பதே, அவன் என் சம்பந்தியாக வந்த பிறகுதான் எனக்குத் தோன்றியது. உனக்குச் சொல்லாமல் இதைச் செய்தேன், கோபித்துக்கொள். நேற்று நானும் உன் அப்பாவும் கேசட்டை எடுத்துக்கொண்டு ராஜபாளையம் போனோம். பஸ் ஏறும்போது உன் அப்பா, "போறதுக்கு டிக்கெட் எடுத்தாச்சு. திரும்பும்போது சம்பந்தியா வாரமா, வெறும் பயணியா வாரமான்னு தெரியல ஏட்டி" என்றார்.

அங்கே போனால் வேறு ஒரு கூத்து. ஒரு கேசட் கொண்டு வருகிறோம் என்று நான் போனில் சொல்லியிருந்தேன். மாப்பிள்ளை வீட்டிலிருந்து கேசட் என்றால் வேறு என்னவாக இருக்கும்? நிச்சயதார்த்தக் கேசட் என்று நினைத்து, கலாவின் அம்மா சொந்தக்காரர்களை எல்லாம் கூப்பிட்டுவிட்டாள். கூடம் நிறைய ஜனம். டி.வி.க்குப் பொட்டு வைத்திருந்தார்கள். கலாவின் பெரியம்மா நிச்சயத்துக்குக் கட்டிய அதே புடவையைக் கட்டிக்கொண்டு வந்து முன்னால் உட்கார்ந்து, "நான் வார எடத்துல நிறுத்திக் காட்டணும் மதினி, அன்னைக்கு எல்லாரும் என்னைய மறைச்சிட்டாக" என்றாள். முறுக்குத் தட்டு சுற்றி வந்தது. உன் அப்பா என்னைப் பார்த்தார். நான் கலாவின் அப்பாவைத் தனியாக அடுப்பங்கரைப் பக்கம் கூப்பிட்டேன்.

"அண்ணே, இது நிச்சயதார்த்தக் கேசட் இல்ல."

"பொறவு?"

சொன்னேன். ஓடை, கிணறு, கீழத்தெரு, குழாய். கடைசியாக உங்கள் குழாய் என்றேன். அவர் முகம் மாறியது. தோள் துண்டை எடுத்து மடித்துப் போட்டுக்கொண்டார். பிறகு கூடத்துக்குப் போய், "டெக்குல டேப் சிக்கிருச்சு. இன்னொரு நாளைக்குப் பாத்துக்குவோம், எல்லாரும் காபி குடிச்சிட்டுப் போங்க" என்றார். பெரியம்மா விடவில்லை. "இன்னும் உள்ள போடவே இல்லையேப்பா, அதுக்குள்ள எப்படிச் சிக்குச்சு?" என்றாள். அவளைக் கிளப்புவதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. கடைசியில் அவரும் மனைவியும் கலாவும் நாங்களும்தான் மிஞ்சினோம். "போடுங்க" என்றார்.

படம் ஓடியது. குழாய் வந்தது. அவர் முன்னால் சாய்ந்து பார்த்தார். படம் முடியும்வரை காத்திருக்காமல், "எங்க நின்னு புடிச்சிய?" என்று கேட்டார்.

"கீழத்தெருக் கிணத்து மேட்டுல இருந்துண்ணே."

"அங்க இருந்து பாத்தா இம்புட்டுப் பெருசாவா தெரியுது?"

"தண்ணி எடுக்க வாரவங்களுக்கு அப்படித்தான் தெரியும்."

அவர் கோபப்பட்டார், தம்பி. கோபப்படாமல் இருப்பாரா? "அந்த ஓடையில எத்தன கொழா இருக்கு, என் கொழா மட்டும் எதுக்கு?" என்றார். "ஓடையில உங்களதுதான் கிணத்துக்கு நேர் மேல் பக்கத்துல இருக்கு" என்றேன். "தொட்டி கட்டிச் சுத்தம் பண்ணி விடுன்னு சொல்லுதாக. கட்டுறவன் நட்டப்படணும், கட்டாதவன் அதே துணிய என் வெலைக்குக் கீழ வித்துட்டுப் போவான். உங்க படத்துல அது வந்துச்சா?" என்றார். வரவில்லை. அதை நான் ஒத்துக்கொண்டேன். அதைக் கேமரா முன்னால் சொல்லத் தயாரா என்று கேட்டேன். எழுந்து வாசலுக்குப் போய்விட்டார். உன் அப்பா பின்னாலேயே போய், "மச்சான், ஒரு வெத்தல போடுவமா?" என்று அவரோடு நின்றார். கலாவின் அம்மா மட்டும் என்னிடம், "மதினி, கல்யாணம் முடிஞ்சு போடக்கூடாதா? நாங்க என்ன ஓடியா போகப்போறோம்?" என்று கேட்டாள். அழவில்லை, ஆனால் அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். தண்ணீரும் ஓடிப்போவதில்லை மதினி, அங்கேதான் தேங்குகிறது என்று சொன்னேன். சொன்ன பிறகு, இவ்வளவு கறாராகச் சொல்லியிருக்க வேண்டாம் என்று பட்டது.

கிளம்பும்போது அவர் நல்லபடியாகவே வழியனுப்பினார். கல்யாணம் உண்டு என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. "எங்க அண்ணன்கிட்டக் கலந்துக்கணும். பத்திரிகை அடிக்கிறத செத்த நாளைக்கு நிறுத்தி வைப்போம்" என்றார். அவ்வளவுதான். இதை நான் மெழுகிச் சொல்ல விரும்பவில்லை. நிலைமை இதுதான்.

நாங்கள் தெருமுனைக்கு வந்த பிறகு கலா வேகமாக நடந்து வந்தாள். கொடியிலிருந்து உருவிய தாவணியை அப்படியே மேலே சுற்றியிருந்தாள். மூச்சு வாங்கியது. நான் என்னவோ ஆறுதல் சொல்ல வாயெடுத்தேன். அவள் விடவில்லை.

"அத்தை, அவிய உங்களுக்குப் போன் பண்ணி அந்த ஷாட்ட எடுக்கச் சொன்னாகளாமே? வாசல்ல வச்சு மாமா சொன்னாக."

"ஆமாம்மா. உனக்காகத்தான் கேட்டான்."

"எனக்காகன்னா என்கிட்டல்ல கேக்கணும்? கொழாயப் பத்தி உங்ககிட்டப் பேசுறாக. கல்யாணத்தப் பத்தி எங்க அப்பாகிட்டப் பேசுறாக. என்கிட்ட எப்பப் பேசுவாக? எனக்கு அந்தக் கொழா சின்னப்பிள்ளையில இருந்து தெரியும் அத்தை. அந்த நாத்தத்துலதான் நான் படிச்சேன், சாப்பிட்டேன். அதப் பாத்து நான் கல்யாணத்த நிறுத்திருவேன்னு அவியளுக்கு யாரு சொன்னா?" என்றாள். பிறகு குரலைத் தணித்து, "எங்க அப்பாவ நான் விட்டுக்குடுக்க மாட்டேன். அதையும் சொல்லிருங்க" என்றாள்.

உன் அப்பா அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றும்போதுதான், "ஏட்டி, இந்தப் பிள்ள நம்ம வீட்டுக்கு வந்தா நமக்குத்தான் கஷ்டம்" என்றார். அவ்வளவு சந்தோஷமாக அவர் எதையும் சொல்லிப் பல நாளாகிறது.

என் பக்கத்தில் முடிவு ஆகிவிட்டது. படம் பங்குனிப் பொங்கலுக்குக் கீழத்தெருவில் ஓடும், குழாயோடு. கலாவின் அப்பா சொன்னது நியாயம் என்பதால், அவர் பேசச் சம்மதித்தால் அதையும் சேர்ப்பேன். சம்மதிக்காவிட்டால் அவர் கேட்ட கேள்வியை நானே படத்தில் எழுத்தாகப் போடுவேன். இதனால் உனக்கு வரக்கூடிய நஷ்டம் என்ன என்று எனக்குத் தெரியும். வேறு யாருடைய மகனுக்காவது இந்த நஷ்டம் வந்திருந்தால் எனக்கு இதைச் செய்வது எளிதாக இருந்திருக்கும். ஆனால் நானும் உன் மாமனாரும் பேசிப் பேசி உன் கல்யாணத்தை வைக்கவோ நிறுத்தவோ முடியாது என்பதை நேற்று அந்தத் தெருமுனையில் தெரிந்துகொண்டேன். கலா வீட்டு நம்பர் உன்னிடம் இருக்கிறது. சாயங்காலம் அவள்தான் எடுப்பாளாம், சொல்லி அனுப்பினாள். எடுத்ததும் படத்தைப் பற்றி நீ விளக்கம் சொல்ல ஆரம்பிக்காதே, எனக்காகவும் வாதாடாதே. முதலில் அவள் பேசட்டும். பிறகு கல்யாணம் உண்டா இல்லையா என்று நீங்கள் இரண்டு பேரும் எனக்குச் சொல்லுங்கள்.

அம்மா